முற்றத்துக்கு ஒரு வரி

இந்த ஆண்டின் வீட்டு வரி நோட்டீசைப் பையில் வைத்துக்கொண்டு ஜார்ஜ்டவுன் குவீன் ஸ்திரீட் காப்பிக் கடையில் உட்கார்ந்திருந்தேன். மழை பிடித்தது. கடையின் கூரையில்லாத நடுமுற்றத்தில் தண்ணீர் கொட்டும் ஓசை கேட்டதும், வழக்கறிஞரான என் சித்தப்பா நினைவுக்கு வந்தார்.

அது நடந்த ஆண்டு திட்டமாகத் தெரியவில்லை. தீபாவளிக்கு முந்திய மழைக்காலம். பக்கத்து வீட்டு ஜைனப் அக்காவுக்கு வரி ஏறியிருந்தது. கட்ட முடியாவிட்டால் வீட்டை விற்கவேண்டும். வானம் தெரியும் முற்றத்தையும் அறையென்று கணக்கிட்டிருந்தார்கள். அக்கா வீட்டை மறுபடி அளக்க வந்த நகராட்சி அதிகாரிக்குச் சித்தப்பா தேநீர் கொடுத்து, மழை வலுக்கும்வரை பேச்சில் இருத்தினார். பிறகு முற்றத்தைக் காட்டினார்.

"வாங்க தம்பி, இந்த அறையையும் அளந்திடுவோம்."

"லாயர், நனைஞ்சிடுவேன் லா!"

"அறைக்குள்ள எப்படி நனைவீங்க?"

அக்கா முக்காட்டால் வாயைப் பொத்திக்கொண்டு, "குடை தரவா தம்பி?" என்றார்.

அதிகாரியும் சிரித்துவிட்டார். முற்றத்தைக் கழித்து எழுதினார். அக்கா வீடு தப்பியது. சித்தப்பா அதோடு நிற்காமல், கேட்ட வீடுகளுக்கெல்லாம் காசு வாங்காமல் மனு எழுதினார்.

அந்த மழையை நான் பார்த்தேன். ஜார்ஜ்டவுன் முழுக்க முற்ற வரி நீங்கியது அவரால்தான் என்று எங்கள் வீட்டில் சொல்வார்கள். அதற்கான நகராட்சித் தீர்மானம் இதுவரை என் கண்ணில் படவில்லை; இது இன்னும் உறுதியாகாத செய்தி.