இருபத்திரண்டு டாலர் உறையும் டெபுடி டெல்ஃபினாவும்

டெல்ஃபினா பாகாவுக்கு ஆறாவது மாதம் தொடங்கியபோது அவளுடைய டெபுடி வேலைக்கான போலீஸ் பெல்ட் பூட்ட மறுத்தது. வீட்டில் போடும் பெல்ட் என்றால் கழற்றி மூலையில் வீசிவிடலாம். இதில்தான் துப்பாக்கி தொங்க வேண்டும். துப்பாக்கி இல்லாமல் எங்கள் ஊரில் டெபுடி ரோந்து வண்டியில் ஏற முடியாது. மூன்று நாள் பல்லைக் கடித்துக்கொண்டு இறுக்கிப் பார்த்தாள். நான்காம் நாள் காலை என் மேஜைக்கு எதிரே வந்து நின்றாள்.

"அக்கா, இனிமே முடியாது. மூச்சு விட்டா பெல்ட் தெறிக்குது. பெல்ட்ட மாட்டுனா மூச்சு நின்னுபோகுது."

நான் நியேவெஸ் லுசேரோ. எங்கள் போலீஸ் நிலையமான ஷெரிஃப் ஆபீஸில் பத்தொன்பது வருஷமாக ரேடியோ முன்னால் உட்கார்ந்திருக்கிறேன். யார் வீட்டில் யார் யாரை அடித்தார்கள், யாருடைய மாடு நெடுஞ்சாலையில் நிற்கிறது என்பதெல்லாம் முதலில் என் காதுக்குத்தான் வரும். ஒரு கோடியிலிருந்து மறுகோடிக்கு வண்டியில் இரண்டு மணி நேரம் ஆகும் மாவட்டம் இது, கவுண்டி என்போம். மூன்று டெபுடிகளையும் ஒரு ஷெரிஃபையும் வைத்து இதைக் கட்டி மேய்க்கிறேன். மேய்ப்பது தான்தான் என்று ஷெரிஃப் நினைத்துக்கொண்டிருக்கிறார். நினைத்துவிட்டுப் போகட்டும்.

டெல்ஃபினா எங்களிடம் வருவதற்கு முன்னால் பள்ளிக்கூட பஸ் ஓட்டினாள். சேர்ந்த முதல் மாதத்திலேயே அவள் யார் என்பது எனக்குத் தெரிந்துவிட்டது. பென்டுரா என்கிற குடிகாரன் கோடாலியோடு தன் வீட்டுக் கூரைமேல் ஏறி உட்கார்ந்துகொண்டு, பக்கத்தில் வருகிறவனை வெட்டுவேன் என்று கத்தினான். இவள் வண்டியின் முன்பக்கத்தில் சாய்ந்துகொண்டு, மதியத்துக்குக் கொண்டுபோன பர்ரிட்டோவைப் பிரித்துப் பாதியைத் தின்றாள். "மீதிப் பாதி ஒனக்குத்தான். பச்ச மொளகா போட்டது. ஆறிப்போச்சுன்னா நல்லாருக்காது" என்றாளாம். அவன் கோடாலியைக் கீழே எறிந்துவிட்டு இறங்கி வந்தான். ஏழு வருஷத்தில் அவள் துப்பாக்கியை உருவியது இரண்டே தடவை. இரண்டும் வண்டியில் அடிபட்டுத் துடித்த மான்களுக்காக.

ஷெரிஃப் ஹார்லன் ப்ரூயிட் கெட்டவர் இல்லை, சோம்பேறி. தானாக யோசிப்பதற்குப் பதில் விதிப் புத்தகத்தைத் திறப்பார்.

"ஆபீஸ்ல ஒக்கார வேற வேல இல்லம்மா. லீவ் எடுத்துக்க. தொண்ணூறு நாள் உன் இடம் காலியா இருக்கும்."

"தொண்ணூத்தோராவது நாள்?"

"ஆள் போட்டுத்தான் ஆகணும். புக்ல அப்படித்தான் இருக்கு."

கணக்கு எங்கள் எல்லோருக்கும் புரிந்தது. இப்போதே வீட்டுக்குப் போனால் பிள்ளை பிறக்கும் நேரத்தில் வேலை போயிருக்கும். இன்னும் இரண்டரை மாதம் வண்டி ஓட்டிவிட்டால், பெற்று எழுந்து தொண்ணூறுக்குள் திரும்பிவிடலாம். அந்த இரண்டரை மாதத்துக்கு அவளுக்குத் துப்பாக்கி வைக்க ஓர் இடம் வேண்டும். இடுப்பில் இடம் இல்லை. மிச்சம் இருப்பது தொடை.

எங்கள் கவுண்டித் துப்பாக்கிகள் பழைய மாடல். அதற்கென்று அளவாகத் தொடை உறை செய்து தரப் பத்து வாரம் ஆகும் என்றார்கள். அதற்குள் அந்த இரண்டரை மாதமே முடிந்துவிடும். அதனால் சனிக்கிழமை சந்தையில், உப்புக்கண்டம் மாதிரி பீஃப் ஜெர்க்கி விற்பவனுக்கும் கத்தி விற்பவனுக்கும் நடுவில், எந்தத் துப்பாக்கிக்கும் பொருந்தும் என்று அட்டையில் போட்டிருந்த ஒன்றை இருபத்திரண்டு டாலருக்கு வாங்கி வந்தாள். கறுப்பு நைலான். வயிற்றுக்குக் கீழே மாட்ட ஒரு மெல்லிய வார், வலது தொடையைச் சுற்ற இரண்டு எலாஸ்டிக் பட்டை, துப்பாக்கி வெளியே வராமல் இருக்க மேலே டிச் பட்டன் வைத்த ஒரு வார்.

"இது பள்ளிக்கூடப் பிள்ளைங்க நாடகத்துக்கு வாங்குற சாமான் மாதிரில்ல இருக்கு" என்றேன்.

"வாய வச்சிக்கிட்டு சும்மா இருங்கக்கா. இதான் என் வேலை இப்போ."

ஷெரிஃப் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "வெண்டெல் பாஸ் பண்ணுனா நான் கையெழுத்துப் போடுறேன்" என்று சொல்லிப் பாரத்தை இறக்கி வைத்துவிட்டார்.

வெண்டெல் கிம்ஸி எங்கள் கவுண்டியின் சுடும் பயிற்சி ஆசிரியர். ஒரு காது செவிடு. உறைகளைச் சோதிக்க அவரே எழுதிய பன்னிரண்டு சோதனைகள் ஒரு தாளில் இருக்கின்றன. முகத்தைப் பார்த்து யாரையும் பாஸ் போட்டவர் இல்லை. ஷெரிஃபின் சொந்தத் தம்பியையே இரண்டு தடவை திருப்பி அனுப்பியவர்.

புதன்கிழமை காலை பத்து மணிக்கு, நாங்கள் சுட்டுப் பழகும் சரளைக்கல் குழியில் சோதனை. ரேடியோவை இன்னொரு டெபுடியிடம் கொடுத்துவிட்டு நானும் போனேன். வெண்டெல் குண்டில்லாத துப்பாக்கியை உறையில் வைத்து முதலில் அதைத் தலைகீழாகக் கவிழ்த்து உலுக்கினார். விழவில்லை. தையலை நகத்தால் நெம்பிப் பார்த்தார். நூல் ஒன்று வந்தது, லைட்டரால் சுட்டுவிட்டார். அப்புறம் டெல்ஃபினா ஓடினாள். முதல் ஓட்டத்தில் உறை முழங்கால்வரை வழுக்கிக்கொண்டு வந்தது.

"சினிமாக் கௌபாய் மாதிரி தொங்க விட்டிருக்கியேம்மா. மேல ஏத்து. இன்னும் ஏத்து" என்றார் வெண்டெல்.

"இதுக்கு மேல ஏத்துனா புள்ள மேல இடிக்கும் சார்."

"அப்ப அங்கேயே நிறுத்து. பட்டைய இறுக்கு."

அந்த ஒரே ஓர் உயரத்தில் அது நின்றது. இரண்டு விரல் கீழே போனால் வழுக்கும், இரண்டு விரல் மேலே போனால் வயிறு. அந்த உயரத்திலேயே ஓடினாள், வண்டியின் பின்தட்டிலிருந்து இறங்கினாள், மண்ணில் ஒருக்களித்துத் தவழ்ந்தாள். குப்புறப் படுத்துத் தவழ வேண்டும் என்றுதான் தாளில் இருக்கிறது. வெண்டெல் அந்த வரியைப் படிக்காத மாதிரி தாண்டிப் போனார். உருவுவதற்கு இரண்டு விநாடி என்றால் இவள் ஒன்றரையில் உருவினாள். கடைசியாக ரப்பர் துப்பாக்கியைப் போட்டு, டெபுடி எஃப்ரெனைப் பின்னாலிருந்து பிடுங்கச் சொன்னார். எஃப்ரென் கன்றுக்குட்டியைத் தூக்கி வண்டியில் போடுகிறவன். ஐந்து விநாடி முக்கினான்.

"என்னடா, காலையில சாப்பிடலயா?" என்று கேட்டேன்.

"வரமாட்டேங்குது நியேவெஸ்! தையலுகூட விடமாட்டேங்குது!"

வெண்டெல் பன்னிரண்டாவது கட்டத்திலும் டிக் போட்டுக் கையெழுத்திட்டார். எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. டெல்ஃபினா தாளை நாலாக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு, பட்டன் போட்டு, அதை ஒரு தடவை தட்டிப் பார்த்தாள். நான் அவளோடு வண்டியில் ஏறினேன். மதியச் சாப்பாடு என் செலவு என்று சொல்லியிருந்தேன்.

அவள் உட்கார்ந்து சீட் பெல்ட்டை இழுத்து வலது பக்கத்தில் மாட்டினாள். 'டிக்' என்றது. மறுபடியும் ஒரு 'டிக்' கேட்டது. முதலாவது சீட் பெல்ட் மாட்டிய சத்தம். இரண்டாவது எது என்று நாங்கள் இரண்டு பேரும் குனிந்து பார்த்தோம். சீட் பெல்ட்டின் கொக்கி உறையின் டிச் பட்டன் மேலேயே அழுந்தி அதைத் திறந்துவிட்டிருந்தது. துப்பாக்கி மேல் வார் இல்லாமல் சும்மா சொருகி வைத்த மாதிரி இருந்தது.

அவள் பட்டனைப் போட்டாள், பெல்ட்டைக் கழற்றி மறுபடி மாட்டினாள். ஐந்து தடவையில் மூன்று தடவை திறந்தது.

நான் சொன்னதை இன்று நினைத்தாலும் வெட்கமாக இருக்கிறது. "ஒருத்தரும் பாக்கலடீ. வண்டிய விட்டு எறங்குறப்ப ஒரு தடவ கைய வச்சுப் பாத்துக்க. இரண்டரை மாசம்தான். வாய மூடிக்கிட்டு இரு" என்றேன்.

அவள் ஸ்டியரிங்கிலிருந்து கையை எடுத்துப் பட்டனை மறுபடி போட்டாள்.

"நூறு தடவ எறங்குவேன். தொண்ணூத்தொம்பது தடவ கைய வப்பேன்."

"எல்லாரும் அப்படித்தான் பொழைக்கிறோம்."

"தெரியாம இருந்தா பரவால்லக்கா. இப்ப தெரிஞ்சுபோச்சே. நாளைக்கு எவனாவது உருவி யாரையாவது சுட்டான்னா, உருவுனவன் அவனா இருக்கலாம். குடுத்தவ நான்."

பெல்ட்டைக் கழற்றிவிட்டு இறங்கிப் போனாள். வெண்டெல் தன் பெட்டியை மூடிக்கொண்டிருந்தார். அவர் காதுக்குக் கேட்கும்படி இரண்டு தடவை சொல்ல வேண்டியிருந்தது. அவர் வந்து, அவளை உட்காரவைத்து, மாட்டச் சொல்லி, கழற்றச் சொல்லி, மறுபடி மாட்டச் சொன்னார். பிறகு சரளைக்கல்லில் அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

"பத்தொம்பது வருஷமா எல்லாரையும் நிக்கவச்சே பாத்துட்டு இருந்திருக்கேன். நீங்க எல்லாரும் நாள் பூரா ஒக்காந்துல்ல இருக்கீங்க" என்றார். கையை நீட்டினார். அவள் சட்டைப் பையிலிருந்து தாளை எடுத்துக் கொடுத்தாள். அதைக் கிழிக்க அவர் நேரம் எடுத்துக்கொண்டார்.

மறுநாள் காலை வெண்டெல் எல்லோரையும் வண்டியில் உட்காரவைத்துச் சோதித்தார். எஃப்ரெனுடைய உறை இடுப்பில் போடுவது, நூற்றைம்பது டாலர், தோல். அதுவும் திறந்தது. எஃப்ரென் வெளிறிப்போனான். ஷெரிஃப் உடனே பக்கத்துக் கவுண்டிக்குப் போன் போட்டு அவனுக்கு வேறு உறை வரவழைத்தார். மதியத்துக்குள் வந்துவிட்டது.

நான் ரேடியோவை விட்டு எழுந்து அவர் அறைக்குப் போனேன்.

"அவனுக்கு ஒரு போன்ல வருது. இவளுக்கு?"

"அது இடுப்பு உறை, கடையில கெடைக்குது. இவளுக்குக் கெடைக்கலயே, நான் என்ன பண்ணட்டும்?"

"ஒரு நாற்காலி போடுங்க. என் பக்கத்துல. ரேடியோவ நானும் அவளும் மாத்தி மாத்திப் பாக்குறோம்."

"கவுண்டி சேங்ஷன் பண்ணுனது ஒரு நாற்காலி, நியேவெஸ். அவ வயித்த கவுண்டி வாங்கிக் குடுக்கல."

"உங்க வயித்த மட்டும் கவுண்டிதான் வாங்கிக் குடுத்துச்சா? உங்க பெல்ட் எங்க இருக்குன்னு நாங்க பாத்தே மூணு வருஷமாச்சு!"

அவர் முகம் சிவந்தது. ஆனால் முன்னால் திறந்து வைத்திருந்த விதிப் புத்தகத்தை மூடவில்லை. வாயைவிட்டதற்கு எனக்கு ஓர் எச்சரிக்கைக் கடிதம் வந்தது, அதை இழுப்பறையில் போட்டு வைத்திருக்கிறேன். தொண்ணூற்றோராவது நாள் அவள் இடத்துக்கு வேறு கவுண்டியிலிருந்து ஒரு பையன் வந்தான். மரியாதையான பையன்தான், ஆனால் பென்டுராவிடம் போகும்போது மூன்று வண்டி கேட்கிறான். டெல்ஃபினா இப்போது மறுபடியும் பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறாள். பெண் குழந்தை. வெண்டெலின் தாளில் பதின்மூன்றாவதாக ஒரு வரி சேர்ந்திருக்கிறது: 'உட்கார்ந்து பார்.' அதை யார் கண்டுபிடித்தார்கள் என்று தாளில் இல்லை.

எஃப்ரெனுக்கு வேறு உறை வந்த அந்த வியாழக்கிழமைதான் அவளுக்குக் கடைசி நாள், ரோந்து இல்லை. வண்டியைக் கழுவி, பெட்ரோல் நிரப்பி ஒப்படைக்க வேண்டியது மட்டும்தான் பாக்கி. சாயங்காலம் ஆபீஸ் வாசலில் வண்டி வந்து நின்றதை ஜன்னல் வழியே பார்த்தேன். ரேடியோ பேசியது.

"நாலு. ட்யூட்டி முடிஞ்சது."

அவளுடைய ரேடியோ எண் நாலையும், இருபத்துநாலு மணிக் கணக்கில் நேரத்தையும் நான் திருப்பிச் சொல்ல வேண்டும். அப்போதுதான் அது பதிவாகும். ஏழு வருஷமாகத் தினமும் சொன்னது. பொத்தானை அழுத்தினேன். குரல் வரவில்லை. விட்டுவிட்டு மறுபடி அழுத்தினேன். அப்போதும் வரவில்லை. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவள் மைக்கைப் பிடித்தபடி என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அக்கா, டைம் சொல்லுங்க. நீங்க சொன்னாத்தான் நான் எறங்க முடியும்."

"நாலு" என்றேன். "நாலு. பதினாறு நாப்பது."

அவள் மைக்கை மாட்டிவிட்டு, சீட் பெல்ட்டைக் கழற்றி, கதவைப் பிடித்துக்கொண்டு மெதுவாக இறங்கினாள்.