படிக்காமல் விட்ட ஆறாம் பக்கம்

ஓசூரிலிருந்து தொரப்பள்ளி போகும் வழியில், பார்வையில்லாத பெண்கள் பதினொரு பேர் தங்கியிருக்கும் இல்லத்துக்கு நான் வார்டன். அந்தக் காலத்தில் ஒரு பண்ணைக்காரர் இதற்கென்றே தம் நிலத்தை அறக்கட்டளையாக எழுதிவைத்துவிட்டுப் போனார். இப்போது சுற்றிலும் கம்பெனிகள். இந்த இடத்தின் மேல் ஆசைப்படாதவர்கள் பாக்கியில்லை, அவருடைய பேரன்கள் உட்பட. பெங்களூரில் இருக்கும் அந்தப் பேரன்கள்தான் இன்றைய அறங்காவலர்கள்.

தினமும் மாலை நான்கு மணிக்கு எல்லோருக்கும் பேப்பர் படித்துக் காட்டுவேன். நான் வேலைக்குச் சேர்ந்த வாரமே தொடங்கிய பழக்கம். டீ டம்ளரோடு வராந்தாவில் வந்து உட்கார்ந்துவிடுவார்கள். கொலை, கொள்ளை, தங்கம் விலை, ராசிபலன் எல்லாம் வேண்டும். இரண்டு பேருக்கு வீட்டுப் பேச்சு தெலுங்கு, ஒருவருக்குக் கன்னடம். புரியாத இடத்தில் பக்கத்தில் இருப்பவர் சொல்லிக்கொடுப்பார். ஆறாம் பக்கம் வந்தால் மட்டும் நான் புரட்டிவிடுவேன். டெண்டர், தொலைந்த பத்திரம், கோர்ட் அறிவிப்பு என்று அத்தனையும் பொடி எழுத்து. அதைப் படித்து இவர்களுக்கு என்ன ஆகப்போகிறது என்று நினைத்தேன். பெரிய மேதாவி நான்.

போன மாதம் ஒரு நாள் சர்வேயர் ஆட்களோடு வந்து, துணி காயப்போடும் கொடிக்குப் பக்கத்தில் கல் நட ஆரம்பித்தார். என்ன இது என்று சண்டைக்குப் போனேன்.

"இடம் வித்தாச்சு மேடம். கோர்ட்டே பர்மிஷன் குடுத்துடுச்சு. உங்களுக்குத் தெரியாதா?" என்றார்.

தெரிந்த வக்கீல் ஒருவரைப் பார்க்கக் கிருஷ்ணகிரிக்கு ஓடினேன். அறக்கட்டளைச் சொத்தை அறங்காவலர்கள் இஷ்டத்துக்கு விற்றுவிட முடியாது, நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும் என்று அவர் விளக்கினார். அதற்கு முன்னால், ஆட்சேபம் உள்ளவர்கள் வந்து சொல்லலாம் என்று பத்திரிகையில் அறிவிப்புப் போட வேண்டும்.

"உங்களை மாதிரி ஆளுங்களுக்காகத்தாங்க அந்த ஏற்பாடே. யாராச்சும் ஒருத்தர் வந்து வேணாம்னு நின்னிருந்தா, ஜட்ஜ் கேக்காம விட்டிருக்க மாட்டாரு" என்றார்.

உத்தரவின் நகலை எடுத்துக் காட்டினார். முறைப்படி அறிவிப்பு வெளியிடப்பட்டும் ஆட்சேபணை எதுவும் வரவில்லை என்று இருந்தது. மேலே பத்திரிகையின் பெயரும் தேதியும் இருந்தன. நாங்கள் வாங்கும் அதே பேப்பர்.

அப்பீல் போகலாமா என்று கேட்டேன். "போலாம். ஆனா பத்திரம் முடிஞ்சிடுச்சு. இவங்களை வேற இல்லத்துல சேத்து விடுறோம்னு எழுதிக் குடுத்திருக்காங்க. நம்ம பக்கம் அன்னிக்கி ஒரு குரலும் இல்லியே" என்றவர், என் முகத்தைப் பார்க்காமல் கேஸ் கட்டை மூடினார்.

திரும்பி வந்ததும் ஸ்டோர் ரூமில் பழைய பேப்பர் கட்டுகளைப் பிரித்தேன். அந்தத் தேதி கிடைத்தது. ஆறாம் பக்கம், கீழே இடது மூலையில், எங்கள் கிணறு, எங்கள் வேலி, எங்கள் நான்கு எல்லைகள். அன்று மாலை இதே தாளைக் கையில் வைத்துக்கொண்டு ராசிபலனை நிறுத்தி நிதானமாகப் படித்திருப்பேன். தரையிலேயே உட்கார்ந்து அழுதேன். யாரைத் திட்டுவது? சட்டம் வாசல்வரை வந்து கூப்பிட்டிருக்கிறது. நான்தான் பக்கத்தைப் புரட்டிவிட்டேன்.

நான்கு மணிக்கு, வக்கீலிடம் வாங்கிவந்த உத்தரவு நகலைப் படித்துக் காட்டினேன். ஆறு பேர் சேலத்துக்கு, ஐந்து பேர் வேலூருக்கு. சாமல்பட்டிக்காரப் பெரியம்மாவும், இத்தனை வருஷமாக அவருக்கு அடுத்த கட்டிலில் படுத்துவந்த கன்னடக்கார அம்மாவும் வேறு வேறு பட்டியலில் இருந்தார்கள். அதையும் படித்தேன்.

"எந்தப் பேப்பர்ல போட்டாங்களாம்?" என்று பெரியம்மா கேட்டார்.

சொன்னேன்.

"நாம வாங்குறதுதான?"

"ஆமாங்க பெரியம்மா. நான்தான் படிக்காம விட்டுட்டேன்."

ஒருவரும் ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். கன்னடக்கார அம்மா, நான் என்ன சொன்னேன் என்று பெரியம்மாவின் கையைத் தொட்டுக் கேட்டார். பெரியம்மா அந்தக் கையைப் பிடித்துக்கொண்டார்.

மறுநாள் நான்கு மணிக்கு நான் போகவில்லை. அறையில் படுத்திருந்தேன். பெரியம்மா சுவரைத் தடவிக்கொண்டே வந்து கதவைத் தட்டினார்.

"எல்லாரும் ஒக்காந்திருக்காங்க, வாம்மா. இன்னிக்கி ஒண்ணுவிடாம படி."

படித்தேன். ஆறாம் பக்கத்தில் டெண்டர், தொலைந்த பத்திரம் எல்லாம் முடிந்து, கல்லாவிப் பக்கம் ஏதோ ஓர் அறக்கட்டளையின் இடத்தை விற்க அனுமதி கேட்டு ஓர் அறிவிப்பு வந்தது. ஆட்சேபம் உள்ளவர்கள் முப்பது நாளுக்குள் தெரிவிக்கலாம் என்பதுவரை படித்து நிறுத்தினேன். டீ ஆறிப்போயிருந்தது.

"அங்க இருக்கிறவங்களுக்கு இத யாரு படிச்சிக் காட்டுவாங்க?" என்று பெரியம்மா கேட்டார்.