எண்ணெய் டின்னில் ஒரு குதிரை முள்ளங்கி

கிழங்கே நுழையக் கூடாத வீட்டில் குடியிருந்துகொண்டு, அந்த வீட்டு மொட்டை மாடியிலேயே கிழங்கு பயிரிட்ட ஒரே அறிவாளி திருவண்ணாமலையில் நானாகத்தான் இருப்பேன். அதுவும் வாயில் வைத்தால் கண்ணிலும் மூக்கிலும் தண்ணீர் கொட்டுகிற கிழங்கு. காசு கொடுத்துக்கூட இல்லை, ஓசியில் வாங்கிக்கொண்ட வினை.

எழுபதுகளின் கடைசியில் நடந்தது. வீட்டுக்காரர் நயினார், எங்கள் பக்கத்துச் சமணர். வேரைப் பிடுங்கினால் செடியோடு மண்ணிலிருக்கும் பூச்சி புழுவும் சாகும் என்று அவர் வீட்டில் கிழங்கு சமைப்பதில்லை. குடித்தனக்காரனும் சமைக்கக் கூடாது என்பது வாடகைக்கு விட்ட அன்றே போட்ட கண்டிஷன். கோடையிலும் வற்றாத கிணறு இருந்த வீடு அது. அந்தக் கிணற்றுக்காக என் மனைவி உருளைக்கிழங்கை மறந்தாள். நான் மறக்கவில்லை. பஸ் ஸ்டாண்டு ஓட்டலில் மசால் தோசைக்குள் அவ்வப்போது அதைச் சந்தித்து வந்தேன்.

எனக்கு ஓயாத மூக்கடைப்பு. ஆசிரமத்துப் பக்கம் அறை எடுத்துத் தங்கியிருந்த ஒரு வெள்ளைக்காரர், டீக்கடையில் என் உறிஞ்சலைத் தாங்க முடியாமல், ஈரத் துணியில் சுற்றிய பென்சில் தடிமன் வேர்த்துண்டு ஒன்றைக் கொடுத்தார். ஊட்டியிலிருந்து கொண்டுவந்த குதிரை முள்ளங்கியாம், அரைத்து மோந்தால் அதன் காரத்தில் மூக்கடைப்பு ஓடிவிடுமாம். "தரையில் வைத்தால் தோட்டம் முழுக்கப் பரவிவிடும், டின்னில் வை. சாய்த்து நடு. அரைக்கும்போது ஜன்னலைத் திறந்து வை" என்றார். முதல் இரண்டையும் ஒழுங்காகச் செய்தேன்.

எண்ணெய் டின்னின் அடியில் ஆணியால் ஓட்டை போட்டு, மணலும் செம்மண்ணும் எருவும் நிரப்பி, பெருமாள் பள்ளிகொண்ட மாதிரி வேரைச் சாய்த்துப் படுக்கவைத்தேன். எங்கள் ஊர் வெயிலில் டின் தோசைக்கல்லாகக் காயும். ஈரச் சாக்கைச் சுற்றி, நிழல் நகர நகர டின்னையும் நகர்த்தினேன். ஆபீசில் ஃபைல்களை இந்த அளவு நகர்த்தியிருந்தால் ப்ரமோஷன் வந்திருக்கும்.

இலை விட்டதும் நயினார் மேலே வந்தார்.

"இன்னா சார் இது, கீரையா?"

ஆமாம் என்று சொல்லித் தொலைத்திருக்கலாம். "வேருங்க ஐயா, மருந்து" என்றேன்.

"தின்னத்தான வளக்கிறீங்க?"

"மூக்குக்குங்க."

"மூக்கால தின்னாலும் தின்றதுதான்." டின்னை விரலால் சுண்டினார். "நட்டுட்டீங்க. புடுங்கிப் போடுனு சொல்ல எனக்கு வாய் வராது. ஆனா என்னிக்கு வேர் வெளியில வருதோ, அன்னிக்கு நீங்களும் வெளியில."

அன்றிலிருந்து பகை. தினமும் காலையில் மாடிக்கு வந்து, மண் கிளறியிருக்கிறதா என்று குனிந்து பார்ப்பார். நான் வேண்டுமென்றே அவர் எதிரில் ஒரு குச்சியால் மண்ணைக் கிளறி, "களைங்க" என்பேன். ஒரு நாள் மாடிக் கதவைப் பூட்டிவிட்டார். சித்திரை மாதம். நான் கீழே இறங்கிப் போய், "ஐயா, மேல ஒரு உசிரு வாடுது. பாவம் உங்களுக்குத்தான் சேரும்" என்றேன். பல்லைக் கடித்துக்கொண்டு சாவியை என் காலடியில் எறிந்தார். செடி பிழைத்தது. அதைப் பிழைக்க வைத்ததற்காகவும் சேர்த்து என்னை வெறுத்தார்.

"மூக்கு போனா போவுது, வூட்டை வுட்றாதீங்க" என்றாள் மனைவி. "தெருக்குழாயில குடத்தை வச்சிக்கினு சண்டை போட என்னால ஆவாது."

மார்கழிப் பனியில் மூக்கு முழுதாக அடைத்துக்கொண்டது. நயினார் கீழ்பென்னாத்தூருக்கு நிலம் பார்க்கப் போயிருந்தார், சாயங்கால பஸ்ஸில்தான் வருவார். மேல்மண்ணைத் தொட்டால் கண்டுபிடித்துவிடுவார் என்று, டின்னின் பின்பக்கத்தை ஜன்னல் போல வெட்டி, பக்கவாட்டில் ஓடிய வேரை மட்டும் உருவினேன். தகரத்தை மறுபடி மடித்து, மேலே சாக்கைச் சுற்றினேன். திருடனுக்குக்கூட அவ்வளவு நேர்த்தி வராது.

நேர்த்தி அதோடு தீர்ந்துவிட்டது. வாசனை வெளியே போய்விடக் கூடாதென்று சமையலறைக் கதவையும் ஜன்னலையும் இறுக்கச் சாத்திவிட்டு, அம்மியின் மேல் முகத்தைக் கவிழ்த்து வேரை நைத்தேன்.

மூக்கு திறந்தது. மண்டையும் கூடவே திறந்துகொண்ட மாதிரி இருந்தது. கண்ணில் மிளகாயை அப்பியது போல எரிய, குழவியைக் காலில் போட்டுக்கொண்டு அலறினேன். மனைவி ஓடிவந்து கதவைத் திறந்தாள். உள்ளே அடைபட்டிருந்த காரம் அத்தனையும் இரண்டு குடித்தனத்துக்கும் பொதுவான நடையில் பாய்ந்தது. அங்கே, மத்தியான பஸ்ஸிலேயே திரும்பிவிட்ட நயினார் செருப்பைக் கழற்றிக்கொண்டிருந்தார்.

அவரும் நானும் சேர்ந்து அழுதது அந்த ஒரு நாள்தான். துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டு உள்ளே வந்தார். அம்மியைப் பார்த்தார். பிறகு, ஒற்றைக் காலில் நின்றுகொண்டிருந்த என்னைப் பார்த்தார்.

"ஐயா" என்றேன். அடைப்பில்லாத மூக்கோடு அவரிடம் நான் பேசியது அதுதான் முதல் தடவை. "முழுசா எடுக்கலீங்க. பாதி வேருதான் எடுத்தேன். செடி மாடியில உசிரோடதான் இருக்கு, வந்து பாருங்க."

"அப்ப பாதி வூட்டைக் காலி பண்ணுங்க."