தொரசானி கேட்ட எறும்புகள்

தொரசானிக்கு அந்த ஓர்கிட் பூச்செடி எறும்போடு வேண்டுமாம். தோட்டத்துத் தொரையின் மனைவி கேட்டால் முடியாது என்கிற பேச்சுக்கே இடமில்லை. போன தடவையும் நான்தான் கொண்டுபோய்க் கொடுத்தேன், வேரிலிருந்த எறும்பையெல்லாம் தண்ணீரில் முக்கி விரட்டிவிட்டு. இரண்டு மாதத்தில் செடி காய்ந்துபோனது. எறும்புகள் வேருக்குள் குடியிருந்து மண்ணும் சருகும் சேர்த்து வைக்குமாம். செடி அதைத் தின்று வளர்ந்து, மொட்டடியில் கசியும் இனிப்பை அவற்றுக்குக் கொடுக்குமாம். தொரசானி புத்தகத்தில் படித்தது இது. எனக்குத் தெரிந்தது அவற்றின் கடி மட்டும்தான்.

அப்போது எஹலியகொடைப் பக்கம் ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டிக்கொண்டிருந்தேன். மகளுக்கு ஆறு மாதம். வேலைக்குப் போகும்போது பிள்ளைக்காம்பராவில், பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் ஆயாவிடம் விட்டுப்போய், பத்து மணிக்கு வந்து பால் கொடுப்பேன். போத்தல் பாலை அவள் தொடவே மாட்டாள். அன்று காட்டோரத்து மரத்திலிருந்து செடியைப் பெயர்த்து உரப்பைக்குள் போட்டு, எறும்பு வெளியே வராதபடி வாயை இறுக்கிக் கட்டினேன். பங்களாவுக்குப் போகும் வழியில், பாலத்துக்குப் பக்கத்தில், ஆமி செக்பொயின்ட். அப்போதே பத்து மணியாகப் போகிறது.

பையில் என்ன என்று சிங்களத்தில் கேட்டபடி ஒரு சிப்பாய் முடிச்சில் கை வைத்தான். கடிபடப் போகிறானே என்ற பதற்றத்தில், "அரின்ன எப்பா மாத்தயா!" என்று கத்திவிட்டேன். திறக்காதீங்க என்று. யுத்த காலத்தில் ஒரு தமிழச்சி கனமான பையோடு நின்று திறக்காதே என்கிறாள். என்னைப் போல மடச்சி உண்டா? அவன் பின்னால் துள்ளினான். துவக்கு என் நெஞ்சுக்கு நேராக வந்தது.

"கூம்பி மாத்தயா, கூம்பி! எறும்புதான்!"

எறும்பு என்றால் நீயே கையை விட்டு எடு, கையை உதறினால் சுடுவேன் என்றான்.

முடிச்சை அவிழ்த்துக் கையை விட்டேன். முழங்கை தாண்டி ஏறிவிட்டன. பல்லைக் கடித்துக்கொண்டு செடியை மெதுவாக வெளியே எடுத்தேன். சட்டைக்குள் எறும்பு, பால் கட்டிக்கொண்டு மார்பு வேறு கடுத்தது. என்னை ஜீப்பில் ஏற்றிவிட்டால் பிள்ளை பசியில் என்ன ஆகும் என்பதைத் தவிர வேறு நினைப்பே இல்லை. பூங்கொத்து வெளியே வந்ததும் அவர்கள் சிரித்தார்கள். போகச் சொன்னார்கள். அந்தச் சிரிப்பை இன்றைக்கும் என்னால் மன்னிக்க முடியவில்லை.

செடியைத் திரும்பப் பைக்குள் போட்டு, பங்களாவுக்குப் போகாமல் பிள்ளைக்காம்பராவுக்கு ஓடினேன். மகள் அழுது அழுது குரல் கம்மிப்போயிருந்தாள். ஆயா அவளை என் கையில் தரவில்லை.

"இருடி, புள்ளயக் கடிச்சு வச்சிரும்!"

என் சட்டையைக் கழற்றி, எறும்புகளை ஒவ்வொன்றாகப் பொறுக்கி நசுக்கிவிட்டுத்தான் பிள்ளையை மடியில் போட்டார். அவள் குடிக்கத் தொடங்கிய பிறகே என் கை வீங்கியிருப்பதைப் பார்த்தேன்.

மத்தியானம் பங்களாவில் தொரசானி பையைப் பிரித்துப் பார்த்து முகம் சுளித்தார்.

"என்ன, எறும்பு கொஞ்சமாத்தான் இருக்கு?"

வீங்கிய கையை அவர் முன்னால் நீட்டினேன்.

"மிச்சமெல்லாம் புள்ளக்காம்பராவுல செத்துக் கெடக்குங்க. வேணும்னா கூட்டி அள்ளிக்கிட்டு வாறேன்."