இருபத்தேழாம் கல்லுக்கு வெள்ளையடித்த கதை

ரோட்டோரத்துக் கிலோமீட்டர் கல்லில் எழுத்து எழுதுகிறவளுக்கு முதலில் தேய்ந்து போவது முழங்கால்தான். பிரஷ் தேய்வதெல்லாம் அதற்கப்புறம். "போதும்மா, வீட்டுல இரு" என்று திருப்பூரில் இருக்கிற மகனும் மதுரையில் கட்டிக்கொடுத்த மகளும் போனில் சொல்லிக்கொண்டேதான் இருக்கிறார்கள். நான் படித்தது எட்டாவது. ஆனால் கையெழுத்து அச்சுப் போட்ட மாதிரி இருக்கும். அதைப் பார்த்துத்தான் காசி மேஸ்திரி என் கையில் பிரஷைக் கொடுத்தார்.

வழி தெரியாமல் கல் கல்லாகப் பார்த்துக்கொண்டே போய் அலைந்த அனுபவம் உங்களுக்கும் இருக்கும். அந்தக் கல்லுக்கு முன்னால் குந்தியிருக்கிறவள் படுகிற பாட்டையும் கொஞ்சம் கேளுங்கள். திண்டுக்கல்லிலிருந்து எரியோடு வழியாகக் குஜிலியம்பாறை போகிற ரோட்டில் வேலை பார்த்தபோது நடந்தவை இவை. அதில் ஒரு கல்லை நம்பி ஒரு பிள்ளைத்தாய்ச்சி இருந்தாள். அவளை நினைத்தால் இன்றைக்கும் என் கை தானாகச் சிலுவை போட்டுக்கொள்கிறது.

இடம் பத்தாத ஊர்

கல்லின் தலை பச்சையாக இருந்தால் அது மாநில நெடுஞ்சாலை. மஞ்சளாக இருந்தால் தேசிய நெடுஞ்சாலை. பச்சைக்குள்ளே சாலையின் எண், கீழே வெள்ளையில் ஊர்ப் பெயர், அதற்கும் கீழே கிலோமீட்டர், அடியில் திண்டுக்கல்லிலிருந்து எத்தனையாவது கல் என்கிற நம்பர். இவ்வளவையும் ஒரு முழம் அகலத்துக்குள் அடக்க வேண்டும். கரூர் என்றால் கண்ணை மூடிக்கொண்டு எழுதிவிடலாம். குஜிலியம்பாறை என்றால் 'குஜிலியம்' முடிவதற்குள்ளேயே கல் முடிந்துவிடும்.

முதல் கல்லில் 'றை' விளிம்பைத் தாண்டிப் பக்கவாட்டுக்குப் போய்விட்டது. துடைத்துவிட்டு எழுத்தை ஒல்லியாக்கி எழுதினேன். மூன்றாம் தடவைதான் சரியாக உட்கார்ந்தது. பழைய பெயிண்டைக் கம்பி பிரஷால் சுரண்டிக்கொடுக்கிற பாக்கியம் இடுப்பில் கையை வைத்துக்கொண்டு பார்த்துக்கொண்டே இருந்தாள். கடைசியில் சொன்னாள்: "இந்த ஊருக்குப் பேரு வச்ச மனுசன் ஒருக்காக் கல்லுல எழுதிப் பாத்திருந்தா, வெறும் 'பாறை'யோட நிறுத்திருப்பான்க்கா."

பேர் இல்லாத ஊர்

எரியோட்டைத் தாண்டி இருபத்தேழாம் கல்லுக்குப் பக்கத்தில் ஒரு மண்பாதை பிரிகிறது. உள்ளே அரைக் கிலோமீட்டர் நடந்தால் செங்கரடு என்று முப்பது வீட்டு ஊர். மல்லிகையும் கத்தரியும் போடுகிற ஜனங்கள். அங்கிருந்து முத்தம்மா என்று ஒருத்தி, பூக்கூடையோடு பஸ்ஸுக்கு வந்தவள், பழைய எழுத்தை நோட்டில் குறித்துக்கொண்டிருந்த என் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டாள்.

"யக்கா, இந்தக் கல்லுல எங்க ஊருப் பேரையும் ஓரமா எழுதிவிடுக்கா" என்றாள். என்ன அவசரம் என்று கேட்டேன். மகள் செல்விக்கு முதல் பிரசவம், நாள் நெருங்கிவிட்டதாம். வலி எடுத்தால் ஆம்புலன்ஸுக்குச் சொல்ல வேண்டும். ஊர்ப் பெயர் ரோட்டில் எந்தப் பலகையிலும் இல்லை. வீட்டில் இருப்பதோ பட்டன் போன், இருக்கிற இடத்தை அதில் அனுப்ப முடியாது. அதனால் இருபத்தேழாம் கல் என்று அடையாளம் சொல்லும்படி ஊருக்கு வருகிற நர்ஸம்மா சொல்லிக்கொடுத்திருக்கிறார். எனக்கு எழுதிவிட ஆசைதான். ஆனால் எந்தக் கல்லில் எந்த ஊர் வர வேண்டும் என்று ஆபீஸிலிருந்து தாள் கொடுத்துவிடுவார்கள். அடுத்த பெரிய ஊரும் ரோடு முடிகிற ஊரும்தான் அதில் இருக்கும். செங்கரடு அந்தத் தாளில் இல்லை. "செல்விக்காக ஜெபம் பண்றேம்மா" என்று மட்டும் சொன்னேன். அவள் எழுந்து கூடையைத் தூக்கிக்கொண்டாள்: "சரிக்கா, பேரில்லாட்டிப் போகுது, எங்களுக்குக் கல்லு இருக்குல்ல."

மஞ்சள் டப்பா

இருபத்தோராம் கல்லில் ஒரு கூத்து நடந்தது. வேறொரு ரோட்டு வேலையில் மிஞ்சிய மஞ்சள் டப்பாவை மேஸ்திரி வண்டியில் போட்டு வைத்திருந்தார். மூடியைப் பார்க்காமல் திறந்தவர், திறந்தது வீணாகிவிடக் கூடாதே, பச்சைக்கு அடிக்கோட்டாக இருக்கட்டும் என்று அந்தக் கல்லின் தலைக்கு அடித்துவிட்டார். பச்சை டப்பா வரும்வரை அது பளபளவென்று மஞ்சளாகவே நின்றது.

அய்யலூர்ச் சந்தைக்கு ஆடு ஏற்றிப் போன வண்டி ஒன்று சட்டென்று நின்றது. வியாபாரி இறங்கி வந்து கல்லைச் சுற்றிப் பார்த்தார். முகம் வாடிவிட்டது. "நேசனல் ஹைவே ஆக்கிட்டாகளா?" என்றார். இல்லை அண்ணே, கை தவறிப் போச்சு, செத்த நேரத்தில் பச்சை ஆகிவிடும் என்று நான் சொன்னேன். அவருக்கு நம்பிக்கை வரவில்லை. பச்சை டப்பா வந்து, பாதித் தலை மூடுகிறவரை நின்று பார்த்துவிட்டுத்தான் வண்டியில் ஏறினார். ஏறும்போது மேஸ்திரியிடம் கும்பிடு போட்டார்: "நல்லா இருப்பீக, ரெண்டு கோட்டா அடிச்சு விடுங்க. மஞ்சளப் பாத்ததும் டோல்கேட்டு வந்துருச்சுன்னு எங்க ஆடே கத்த ஆரம்பிச்சிருச்சு."

பெரிய எழுத்து

கல்லின் மறுபக்கம் இங்கிலீஷில் எழுத வேண்டும். எல்லாம் பெரிய எழுத்து. அதுவும் நல்லதாகப் போயிற்று, எனக்குச் சின்ன எழுத்து சரியாக வராது. ஒருநாள் காலையில் ஸ்கூட்டரில் வந்த ரிட்டயர்டு வாத்தியார், எட்டாவதில் எனக்குப் பாடம் எடுத்தவர், பக்கத்தில் நிறுத்தினார். "ஊர்ப் பேருன்னா முதல் எழுத்து மட்டும்தாம்மா பெருசா வரணும். மத்ததெல்லாம் சின்ன எழுத்து. யாரு சொல்லிக்குடுத்தது இப்படி?" என்று கேட்டார். நான் பழைய பழக்கத்தில் எழுந்து நின்றுவிட்டேன். பிரஷை முதுகுக்குப் பின்னால் வேறு மறைத்துக்கொண்டேன். சேலையெல்லாம் பச்சை.

மேஸ்திரிதான் காப்பாற்றினார். "சார், நின்னு படிக்கிறவுகளுக்குச் சின்ன எழுத்து போதும். பஸ்ஸுல பறக்குறவன் படிக்கணும்ல? கல்லுக்கு இப்படித்தான்னு ஆபீஸ்ல சொல்லிருக்காக" என்றார். வாத்தியார் ரோட்டைப் பார்த்தார், கல்லைப் பார்த்தார், ஸ்கூட்டரை உதைத்தார். "சரி, ரூல்ஸ்னா எழுதுங்க. ஆனா எங்கிட்டப் படிச்ச புள்ள எழுதுனதுன்னு மட்டும் யார்ட்டயும் சொல்லிராதீக."

முதல் நன்மைப் பிள்ளைகள்

எங்கள் வேலை முறை ஒன்று உண்டு. முதல் நாள் எல்லாக் கல்லையும் சுரண்டி வெள்ளையடிப்போம். இரண்டாம் நாள் தலைக்குப் பச்சை. மூன்றாம் நாள் எழுத்து. ஒரு நாளைக்கு ஒரே டப்பா, ஒரே பிரஷ் என்றால் வேலை ஓடும். அழிப்பதற்கு முன்னால் பழைய எழுத்தை நான் ஒரு நோட்டில் பார்த்து எழுதிக்கொள்வேன்.

இருபத்திரண்டிலிருந்து முப்பத்திரண்டு வரை ஒரே நாளில் வெள்ளையடித்து முடித்தோம். சாயங்காலம் திரும்பிப் பார்த்தால், மாதா கோயிலில் முதல் நன்மை, அதாவது முதன்முதலாக நற்கருணை அப்பம், வாங்க வெள்ளை உடுப்பில் வரிசையாக நிற்கிற பிள்ளைகள் மாதிரி இருந்தன கற்கள். எனக்குப் பெருமை தாங்கவில்லை. முத்தம்மா சொன்னது அந்த நேரத்தில் எனக்கு எப்படித்தான் மறந்துபோனதோ! டவுன் பஸ் கண்டக்டர் படியில் தொங்கிக்கொண்டே கத்தினதைக் கேட்டும் சிரித்துக்கொண்டுதான் நின்றேன்: "யக்கா, பூராத்தையும் அழிச்சுப்புட்டீகளே, நான் ஆள எங்கன்னு இறக்கிவிட?"

இருபத்தேழு எது?

மறுநாள் உச்சி வெயில். முப்பத்திரண்டாம் கல்லில் பச்சை அடித்துக்கொண்டிருந்தோம். ஆம்புலன்ஸ் ஒன்று எங்களைத் தாண்டிச் சத்தத்தோடு போனது. கொஞ்ச நேரத்தில் திரும்பி வந்து எங்கள் பக்கத்திலேயே நின்றது. டிரைவர் தம்பிக்கு வேர்த்து ஊற்றியது. "அக்கா, இருபத்தேழாம் கல்லு எது? வீட்டுல இருந்து கல்லுக்குக் கெளம்பிட்டோம்னு அந்தம்மா சொல்லுச்சு. இப்பப் போன எடுக்க மாட்டேங்குது. கல்லு பூரா வெள்ளையா இருக்கே!" என்றான்.

செல்விதான், வேறு யார்? அரைக் கிலோமீட்டர் மண்பாதையில் அவளை நடத்திக் கூட்டிவந்துகொண்டிருப்பார்கள். இவன் தாண்டும்போது ரோட்டில் ஆள் நின்றிருக்காது. இது முப்பத்திரண்டு என்றேன். "அப்பத் திரும்பிப் போயி அஞ்சாவது கல்லுதானே?" என்று அவன் வண்டியை எடுக்கப் போனான். "நில்லு தம்பி! இருபத்தொன்பதாம் கல்லு, லாரி இடிச்சு முள்ளுக்குள்ள விழுந்து கெடக்கு. எண்ணிக்கிட்டுப் போனா ஒரு கிலோமீட்டர் தாண்டிப் போயிருவ. நானே வாரேன்" என்று பச்சைக் கையோடு முன் சீட்டில் ஏறிவிட்டேன்.

அருள் நிறை மரியே என்று மாதா மந்திரம் சொல்லத் தொடங்கினேன். முப்பத்தொன்று போனது. முப்பது போனது. கல்லில்லாத அந்த இடமும் போனது. இருபத்தெட்டு. ஒரு மந்திரம் முழுசாக என் வாயில் வரவில்லை. பாதியிலேயே அறுந்து அறுந்து முதலிலிருந்து தொடங்கினேன். தூரத்தில் இருபத்தேழு தெரிந்தபோது அதன்மேல் ஒரு உருவம் சாய்ந்திருந்தது. செல்வி. பல்லைக் கடித்துக்கொண்டு, கல்லை இரண்டு கையாலும் பின்பக்கமாகப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தாள். வண்டியில் இருந்த நர்ஸம்மா குதித்து இறங்கி அவளைத் தூக்கினபோது, சரியாகக் காயாத என் வெள்ளை அவள் முதுகுச் சேலையில் அப்படியே ஒட்டியிருந்தது.

முத்தம்மா என்னைத் திட்டியிருந்தால் தேவலை. ஏறுகிற அவசரத்தில் என் கையைப் பிடித்து, அழுதுகொண்டே ஒன்று கேட்டாள்: "நீதான் அடிச்சியாக்கா? நம்பரக் காணாத பதட்டத்துல, வேற கல்லுக்கு வந்துட்டமோன்னு, அந்தப் புள்ளைய அங்கிட்டும் இங்கிட்டும் நடக்க விட்டேனேக்கா."

கறுப்பு முதலில்

எரியோடு வருவதற்கு முன்னாலேயே வண்டிக்குள் பெண் குழந்தை பிறந்துவிட்டது. தாயும் பிள்ளையும் நன்றாக இருக்கிறார்கள் என்று அந்த டிரைவர் தம்பி வெயில் தாழ்கிறபோது வண்டியை நிறுத்திச் சொல்லிவிட்டுப் போனான். நான் கல்லிலேயே நெற்றியை வைத்து நன்றி சொன்னேன். பிறகு மேஸ்திரியிடம் போனேன். இனிமேல் வெள்ளையடித்த கையோடு கிலோமீட்டர் நம்பரைக் கறுப்பில் எழுதிவிட வேண்டும், மற்றதெல்லாம் பிறகு என்றேன். "அதுமேல ரெண்டாவது கோட்டு வெள்ளை வருமே மேரியக்கா, எழுதுனதையே மறுபடி எழுதணும்" என்றார். நான் யாரிடமும் எதிர்த்துப் பேசுகிறவள் இல்லை. அன்றைக்குப் பேசினேன். "எழுதுறது எங் கைதானே மேஸ்திரி? வலிச்சா எனக்குத்தானே வலிக்கும்?" அவர் வண்டியை ஸ்டார்ட் பண்ணினார். இருபத்தேழிலிருந்து தொடங்கி, வெளிச்சம் இருக்கிறவரை ஒவ்வொரு கல்லாக இறங்கி நம்பரை எழுதினோம். இருபத்தொன்பதை அவரும் பாக்கியமுமாக முள்ளிலிருந்து உருட்டிவந்து நிமிர்த்தி வைத்தார்கள்.

வேலை முடிகிற வாரத்தில் முத்தம்மா ஒரு தூக்குவாளியில் கத்தரிக்காய் வெஞ்சனமும் சோறும் கொண்டுவந்தாள். செல்வியும் பிள்ளையும் வீட்டுக்கு வந்துவிட்டார்களாம். எனக்கு மனசு கேட்கவில்லை. "யாரும் பாக்காத மாதிரி பின்பக்கம் அடியில செங்கரடுன்னு சின்னதா எழுதிவிடட்டா?" என்று கேட்டேன். ஆபீஸ் தாளை மீறி நான் செய்யத் துணிந்த ஒரே காரியம் அதுதான். அவள் கல்லைத் தடவிப் பார்த்தாள், 27 என்ற இடத்தில் விரலை வைத்தாள்: "ஊருப் பேரு கெடக்கட்டும்க்கா, இந்த நம்பர மட்டும் ஒரு நாளும் அழிச்சிராதீக."

அன்றிலிருந்து எந்த ரோட்டுக்குப் போனாலும் வெள்ளை காயுமுன்னே கறுப்பைத் தொடுகிற கிறுக்குப் பொம்பளை என்று எனக்கு ஒரு பெயர் ஆகிவிட்டது. அதை எந்தக் கல்லிலும் எழுத வேண்டியதில்லை என்பது ஒன்றுதான் என் முழங்காலுக்கு ஆறுதல்.