மூன்றாம் படியில் ஜெயித்தது யார்?

எங்கள் கட்டிடத்தின் மூன்றாம் படியில் ஒரு பெண்மணி தினமும் குப்புறப் படுப்பார் என்றால் நம்புவீர்களா? நான் கீழ்வீட்டுத் தையல்காரி. என் மெஷின் கதவைப் பார்த்து இருக்கிறது, கதவு படிக்கட்டைப் பார்த்து இருக்கிறது. என் கண்ணுக்குத் தப்பி ஒரு பூனைகூட மாடி ஏற முடியாது.

மாடிவீட்டு அக்கா கல்லூரியில் புதைபடிவ ஆய்வக உதவியாளர். பத்தொன்பது வருடமாகப் பழைய பல் பிரஷ்ஷால் கற்களைத் தேய்த்துக் கழுவி, சீட்டு ஒட்டிப் பெட்டியில் அடுக்குகிறார். கழுவுவது இவர், கட்டுரையில் பெயர் போட்டுக்கொள்வது பேராசிரியர்கள். கழுவிக் கழுவியே அக்காவுக்குப் பிரையோசோவா மேல் பைத்தியம் பிடித்துவிட்டது. நான் ஏதோ இருமல் மருந்து என்று நினைத்தேன். விலங்காம். கடலில் பாறை மேலும் சிப்பி மேலும் பாசி மாதிரி படருமாம். ஒவ்வொன்றும் ரவை அளவு, ஆளுக்கொரு அறை, சுவரோடு சுவர் ஒட்டி ஆயிரம் அறைகள்.

"நம்ம அபார்ட்மெண்ட் மாதிரிதான். ஆனா சங்கம் கிடையாது, நிம்மதி" என்றார் அக்கா.

சங்கச் செயலாளர் அவருடைய கணவர். வம்பே அதில்தான்.

மூன்றாம் படிக்கல்லில், சுவரோரமாக, கோடிக்கணக்கான வருடங்களுக்கு முந்தைய கடல் ஒரு துண்டு இருக்கிறது. இரண்டு பிரையோசோவாக் கூட்டங்கள் ஒரே சிப்பியில் இடத்துக்கு அடித்துக்கொண்டு, ஒன்றின் மேல் ஒன்று ஏறிப் படர்ந்து, அப்படியே கல்லாகிவிட்டன. மேலே ஏறியது ஜெயித்தது, அடியில் சிக்கியது சோறு கிடைக்காமல் செத்தது. அக்கா ஐந்து வருடம் லென்ஸ் வைத்துப் பார்த்து, பெரிய அறைக்காரர்கள்தான் ஜெயித்தார்கள் என்று தன் பெயரில் முதல் கட்டுரையை எழுதி அனுப்பினார். ஆய்விதழிலிருந்து பதில் வந்தது. கடலில் இந்தக் கல்லின் எந்தப் பக்கம் மேலே இருந்தது? ஒரு மாதத்துக்குள் நிரூபிக்காவிட்டால் கட்டுரை கிடையாது.

அதற்குக் கல்லின் விளிம்பைப் பார்க்க வேண்டும். விளிம்போ சுவருக்குள் புதைந்திருந்தது.

"ஏங்க, ஒரே ஒரு படி. பேத்துப் பாத்துட்டு அப்படியே வெச்சுடலாம்."

"பொதுப் படிக்கட்டுல ஆணி அடிச்சவரையே நான் சும்மா விடல. பொண்டாட்டிக்குத் தனிச் சட்டமான்னு கேக்க மாட்டாங்களா?"

இரண்டு நாள் அக்கா முகத்தில் ஈயாடவில்லை. மூன்றாம் நாள் பிற்பகல், கட்டிடமே உண்ட மயக்கத்தில் கிடந்தபோது, கல்லில் ஒட்டிய மண்ணை நெம்பி எடுக்கும் ஊசியோடு இறங்கி வந்தார். செயலாளரின் இன்னொரு சட்டம் எல்லோருக்கும் தெரியும்: படி ஆடினால் அன்றைக்கே கொத்தனாரைக் கூப்பிட வேண்டும்.

"என்னக்கா பண்றீங்க?"

"செருப்பு வார் மாட்டுறேன்."

காலில் செருப்பே இல்லை. நானும் கூட்டுச் சேர்ந்துகொண்டேன். யாராவது வந்தால் மெஷினைத் தடதடவென்று ஓட்டுவேன், அக்கா எழுந்துவிடுவார். பதினெட்டு நாள் சுரண்டல். நடுவில் ஒருநாள் ஊசியைப் படியிலேயே மறந்துவிட்டுப் போனார். நல்லவேளை, ஊசி வைத்த இடத்திலேயே இருந்தது. சிமெண்ட் மட்டும் எதிர்பார்த்ததைவிடக் கூடுதலாக உதிர்ந்திருந்தது. பழைய கலவை, தானாகவே கொட்டுகிறது என்று சந்தோஷப்பட்டோம்.

பத்தொன்பதாம் நாள் படி ஆடியது. புகார் எழுதிக் கொடுத்தது நான்தான். செயலாளர் மேற்பார்வையில் கொத்தனார் கல்லைத் தூக்க, அக்கா லென்ஸோடு படியில் குப்புற விழுந்தார்.

சிப்பிக்குள் சேறு புகுந்தால் அது அடியில் தங்கும், மேலே காலியாக இருக்கும் இடத்தில் பளிங்கு வளரும். காபி டம்ளரில் சர்க்கரை அடியில் தங்குகிற மாதிரி. இங்கே சேறு மேலே இருந்தது.

"தலைகீழாப் பதிச்சிருக்காங்க" என்றார் அக்கா.

"நான் பதிக்கலம்மா" என்று கொத்தனார் முந்திக்கொண்டார்.

கல்லே தலைகீழ் என்றால், அக்கா இத்தனை நாள் பார்த்தது சண்டையின் அடிப்பக்கம். ஜெயித்தவர்கள் சின்ன அறைக்காரர்கள்.

"அஞ்சு வருஷமா தோத்தவனுக்கு மாலை போட்டிருக்கேன்" என்று அங்கேயே உட்கார்ந்துவிட்டார். கண் கலங்கியிருந்தது.

செயலாளர் தொண்டையைக் கனைத்தார். "யாருக்குத் தெரியப் போகுது? கல்லு மறுபடியும் உள்ள போயிடும். எழுதினது எழுதினபடியே இருக்கட்டுமே."

அக்காவுக்கு வந்ததே கோபம்! "சிமெண்ட்டச் சுரண்டிட்டு செருப்பு மாட்டுறேன்னு பொய் சொல்லுவேன். கல்லு சொல்றத மாத்திச் சொல்ல மாட்டேன். என் பேருல வர்ற முதல் கட்டுரைங்க அது!"

சொன்ன பிறகுதான் வாயைப் பொத்திக்கொண்டார். நான் ஊசியில் நூல் கோர்ப்பதில் மும்முரமானேன்.

"தெரியும்" என்றார் செயலாளர். "ஊசிய மறந்துட்டுப் போனியே, அன்னைக்கு நானும் கொஞ்சம் சுரண்டினேன்."

நான் பொத்தான் வாங்கப் போன அந்த அரைமணி நேரம்! இன்னும் என்னால் என்னை மன்னிக்க முடியவில்லை.

"இப்ப எந்தப் பக்கம் மேல வரணும்?" என்றார் கொத்தனார்.

"கடல்ல இருந்த மாதிரி" என்றார் அக்கா.

அந்தப் பக்கம் பாலிஷ் போடாத சொரசொரப்பு. "வழுக்காது, போடுங்க" என்று செயலாளர் சட்டப்படி அனுமதி கொடுத்தார்.

அக்கா கட்டுரையைத் திருப்பி எழுதினார். அவர் பெயரிலேயே வந்துவிட்டது. இப்போதெல்லாம் செயலாளர் மாடி ஏறும்போது மூன்றாம் படியை மட்டும் மிதிக்காமல் தாண்டிப் போகிறார். கேட்டால், முழங்காலுக்கு நல்லதாம்.