செல்வம் அண்ணையின் ஸ்பானியப் பாட்டு

போன ஞாயிறு விட்பியில் இருக்கிற என் வீட்டில் காலை நீட்டிக்கொண்டு ரிமோட்டை அமத்திக்கொண்டிருந்தேன். ஏதோ ஒரு சானலில், காலமான ஸ்பானியப் பாடகர் ஒருவருக்கு அஞ்சலி. மேடை நிறையப் பூ, அழுகிற சனம். ஒருவர் வந்து அவருடைய பழைய பாட்டொன்றைத் தொடங்கியதும் எனக்குப் பாண் மணத்தது. சிரிக்காதீர்கள், உண்மையாகவே மணத்தது.

கனடாவுக்கு வந்த புதிதில் பார்க்டேலில் ஒரே வீட்டுக்குள் ஒரு கூட்டமாக இருந்தோம். எனக்கும் செல்வம் அண்ணைக்கும் பேக்கரியில் வேலை. சுடச்சுடப் பாணைத் தட்டிலிருந்து இறக்க வேண்டும். எனக்கு விரல் சுட்டது, அண்ணைக்கு நெஞ்சு. காரணம், பாண் வெட்டும் மெஷினில் நின்ற மார்த்தா. எல் சல்வடோர்க்காரி. சாப்பாட்டு நேரத்தில் இந்தப் பாடகரின் கசெட்டில் இதே பாட்டைப் போட்டுவிட்டுக் கண்ணை மூடிக்கொள்வாள்.

"உது காதல் பாட்டடா. குரலைக் கேட்டாலே விளங்கேல்லையே உனக்கு?" என்றார் அண்ணை. எங்கள் இருவருக்கும் ஸ்பானிஷ் ஒரு சொல்லும் தெரியாது. அதனால் எனக்கும் விளங்கியது.

அதே கசெட்டை வாங்கி, குளியலறைக்குள் நின்று பாடமாக்கினார். வெளியே துவாயோடு காத்துநின்ற எங்களுக்கும் பாட்டுப் பாடமாகிவிட்டது.

ஒருநாள் சாப்பாட்டு மேசைக்கு முன்னால், தலையில் வலைத்தொப்பியோடு, நெஞ்சில் கைவைத்து முழுப் பாட்டையும் பாடினார். பேக்கரியே வேலையை விட்டுவிட்டு வந்து சுற்றி நின்றது. மார்த்தா சிரிக்கத் தொடங்கினாள். சிரித்துச் சிரித்து மா மூட்டையில் சரிந்தாள். ஆங்கிலம் அவளுக்கும் எங்களைப் போல மட்டுமட்டுத்தான்.

"மேன் க்ரை. ஹிஸ் ஹோர்ஸ் டெட்," என்றாள்.

செத்துப்போன குதிரைக்கு ஒருவன் வைக்கும் ஒப்பாரி!

நானென்றால் அப்படியே ஓடியிருப்பேன். அண்ணை அசையவில்லை. "ஐ நோ. குட் ஹோர்ஸ்," என்றார்.

மார்த்தா கண்ணைத் துடைத்துவிட்டுப் பக்கத்துக் கதிரையை இழுத்து அவருக்குப் போட்டாள். அடுத்த கோடையில் கலியாணம்.

பேக்கரி இருந்த இடத்தில் இப்போது கண்ணாடி மாடிக் கட்டடம். கீழே நாய்களுக்குச் சட்டை விற்கிறார்கள். கசெட்டையும் காணோம், அதைப் போடும் பெட்டியையும் காணோம்.

பாட்டு முடியுமுன்னே அவர்களுக்குப் போன் அடித்தேன். மார்த்தா அக்காதான் எடுத்தா. "ஓம் தம்பி, நாங்களும் உதைத்தான் பாக்கிறம். மனுசன் இஞ்ச அழுதுகொண்டிருக்கு. பொறு, குடுக்கிறன்."

"அண்ணை, முந்திப் பாடின மாதிரி ஒருக்காப் பாடுங்கோ."

மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது.

"ஏலாதடா. இப்ப சொல்லெல்லாம் விளங்குது."